மூக்குக்கு ஒன்று, நாக்குக்கு ஒன்று

முதலில் முகர்ந்து பார்க்க வேண்டும். மல்லிகை, ரோஜா, ஆரஞ்சுத் தோல், நன்றாகப் பழுத்த பீச். தேனாக இனிக்கப் போகிறது என்று நாக்கு காத்திருக்கும். ஒரு மிடறு குடித்தால் இனிப்பின் சுவடே இல்லை! எலுமிச்சைப் புளிப்பு, தொண்டைக்குள் இறங்கும்போது மெல்லிய கசப்பு. அர்ஜென்டினாவின் தொரொன்தேஸ் வெள்ளை ஒயின் இப்படித்தான் ஆளை ஏமாற்றும்.

இதன் பேர்போன ஊர் வடமேற்கில், சால்டா மாகாணத்துக் கஃபாயாத்தே. கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 1,700 மீட்டர். மழை பேருக்குத்தான், மலையிலிருந்து வரும் தண்ணீரை நம்பித்தான் கொடிகள். பகலில் வெயில் கொளுத்தும், இரவில் குளிர் நடுக்கும். அந்தக் குளிர்தான் பழத்தின் புளிப்பைக் காக்கிறது. பழைய தோட்டங்களில் கொடிகள் பந்தலில் படர்ந்திருக்கின்றன. இலை நிழலில் குலைகள் தொங்கும். நம் கம்பம் பள்ளத்தாக்கைப் பார்த்தவர்களுக்குப் பழகிய காட்சி.

பந்தலோடு ஒற்றுமை முடியவில்லை. மஸ்கட் ஆஃப் அலெக்சாண்ட்ரியா திராட்சையும், ஸ்பானியர்கள் கொண்டுவந்த கிரியோயா சிகா திராட்சையும் தற்செயலாகக் கலந்து அர்ஜென்டினா மண்ணிலேயே பிறந்ததுதான் இந்த ஒயினின் திராட்சையான தொரொன்தேஸ் ரியோஹானோ என்று மரபணு ஆய்வு சொல்கிறது. கம்பத்துப் பன்னீர் திராட்சை, அதாவது மஸ்கட் ஹாம்பர்க், அதற்கும் பெற்றோரில் ஒன்று இதே மஸ்கட் ஆஃப் அலெக்சாண்ட்ரியா. இரண்டும் பங்காளிகள்! பன்னீர் என்று பெயர் வைத்த நம் ஆட்களின் மூக்கு லேசுப்பட்டதல்ல.

வாசனைக்குப் பெரிய காரணம் லினலூல் என்ற மணப்பொருள். மல்லிகையிலும் இருக்கிறது, ரசத்துக்கு வறுக்கும் கொத்தமல்லி விதையிலும் இருக்கிறது.

என் கவலை இந்த வாசனையைப் பற்றித்தான். 'சென்ட் பாட்டில் மாதிரி இருக்கிறது' என்று முகம் சுளிப்பவர்களுக்காக, காய் முற்றும் முன்பே பறித்து மணத்தை அடக்கும் பழக்கம் வளர்ந்திருக்கிறது. பழம் அதிகம் முற்றினால் போதையும் கசப்பும் ஏறிவிடும் என்பது முன்பே பறிப்பவர்கள் தரப்பு. இருக்கட்டும். எலுமிச்சை போலப் புளிக்கும் வெள்ளை ஒயின் உலகத்தில் எத்தனையோ உண்டு. மணம் போனால் இதற்கு மிச்சம் என்ன? மல்லிகையை வாங்கிக் கழுவிவிட்டா தலையில் வைக்கிறோம்?

கஃபாயாத்தேயில் தொரொன்தேஸ் ஒயினில் ஐஸ்கிரீமே செய்து விற்கிறார்கள். வெயிலில் அலைந்தவர்கள் கோனோடு நின்று நக்குகிறார்கள். அங்கே யாரும் வாசனை தூக்கலாக இருக்கிறது என்று திருப்பிக் கொடுப்பதாகத் தெரியவில்லை.