மொழி உரிமை முதல் வேலைவாய்ப்பு வரை: வங்கதேச ஆட்சிகளை மாணவர் போராட்டங்கள் வீழ்த்தியது எப்படி?

புதுடெல்லி: வங்கதேசப் பிரதமராக இருந்த ஷேக் ஹசீனா, 2024 ஆகஸ்ட் 5ஆம் தேதி பதவி விலகி இந்தியாவுக்கு வந்து சேர்ந்தார். 15 ஆண்டுகளுக்கும் மேலாக நீடித்த அவரது ஆட்சியை, அரசு வேலைக்கான இடஒதுக்கீட்டை எதிர்த்து மாணவர்கள் தொடங்கிய போராட்டம் ஐந்தே வாரங்களில் முடிவுக்குக் கொண்டுவந்தது. உலகை வியப்பில் ஆழ்த்திய நிகழ்வு இது. ஆனால், அந்நாட்டின் வரலாற்றில் இது புதிதல்ல. 1952, 1969, 1990 ஆகிய ஆண்டுகளிலும் போராட்டக்காரர்கள் மீது பாய்ந்த தோட்டாக்களே அரசியலின் திசையை மாற்றின.

1952: மொழிக்காக விழுந்த உயிர்கள்

1947ஆம் ஆண்டுப் பிரிவினையின்போது கிழக்கு வங்காளம் பாகிஸ்தானின் ஒரு பகுதியானது. அந்நாட்டு மக்களில் பாதிக்கும் மேற்பட்டோரின் தாய்மொழி வங்காளம். எனினும், உருது மட்டுமே நாட்டின் ஆட்சிமொழியாக இருக்கும் என்று 1948 மார்ச் மாதம் டாக்காவில் முகமது அலி ஜின்னா அறிவித்தார். எதிர்ப்பு அன்றே எழுந்தது.

1952 பிப்ரவரி 21ஆம் தேதி, 144 தடை உத்தரவை மீறி டாக்கா பல்கலைக்கழக மாணவர்கள் திரண்டனர். டாக்கா மருத்துவக் கல்லூரி அருகே காவல்துறையினர் துப்பாக்கிச்சூடு நடத்தியதில் சிலர் உயிரிழந்தனர். அந்த இடத்தில் மாணவர்கள் எழுப்பிய நினைவுச் சின்னத்தைக் காவல்துறை சில நாள்களிலேயே இடித்துத் தள்ளியது. ஆனால், கோரிக்கையை இடிக்க முடியவில்லை. 1954 மாகாணத் தேர்தலில் ஆளும் முஸ்லிம் லீக் படுதோல்வி அடைந்தது. 1956ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டம் வங்காளத்தையும் ஆட்சிமொழியாக ஏற்றது. 1999இல் யுனெஸ்கோ, பிப்ரவரி 21ஆம் தேதியை உலகத் தாய்மொழி நாளாக அறிவித்தது.

1969: அயூப் கானின் வீழ்ச்சி

1966ஆம் ஆண்டு, மாகாணத் தன்னாட்சி கோரும் ஆறு அம்சத் திட்டத்தை அவாமி லீக் தலைவர் ஷேக் முஜிபுர் ரகுமான் முன்வைத்தார். இந்தியாவுடன் சேர்ந்து நாட்டைப் பிளக்கச் சதி செய்ததாக அவர் மீது அகர்தலா சதி வழக்குத் தொடரப்பட்டது. இதை எதிர்த்து மாணவர் அமைப்புகள் 11 அம்சக் கோரிக்கையுடன் களமிறங்கின.

1969 ஜனவரி 20ஆம் தேதி டாக்காவில் மாணவர் தலைவர் அசாதுஸ்ஸமான் சுட்டுக் கொல்லப்பட்டதும், கிளர்ச்சி வளாகங்களைக் கடந்து தொழிலாளர்களிடமும் பரவியது. பிப்ரவரியில் வழக்குத் திரும்பப் பெறப்பட்டு முஜிபுர் ரகுமான் விடுதலையானார். மார்ச் 25ஆம் தேதி அதிபர் அயூப் கான் பதவி விலகினார்.

அடுத்த ஆண்டுத் தேர்தலில் அவாமி லீக் பெரும்பான்மை பெற்றும் ஆட்சி அதற்கு வழங்கப்படவில்லை. 1971 மார்ச் 25ஆம் தேதி இரவு பாகிஸ்தான் ராணுவம் தொடங்கிய தாக்குதலின் முதல் இலக்குகளில் டாக்கா பல்கலைக்கழகமும் ஒன்று. ஒன்பது மாதப் போருக்குப் பின் டிசம்பர் 16ஆம் தேதி வங்கதேசம் விடுதலை பெற்றது.

1990: ராணுவ ஆட்சிக்கு முற்றுப்புள்ளி

1982இல் ராணுவத் தளபதி எர்ஷாத் ஆட்சியைக் கைப்பற்றினார். ஜனநாயகம் விடுதலை பெறட்டும் என்ற முழக்கத்தை உடலில் எழுதிக்கொண்டு ஊர்வலத்தில் வந்த இளைஞர் நூர் உசேன், 1987 நவம்பர் 10ஆம் தேதி சுட்டுக் கொல்லப்பட்டார். 1990 நவம்பர் 27ஆம் தேதி மருத்துவர் ஷம்சுல் ஆலம் கான் மிலன் சுடப்பட்டு இறந்தபின் போராட்டம் கட்டுக்கடங்காமல் போனது. மாணவர் அமைப்புகளும், எதிரெதிர் அணிகளாக இருந்த ஷேக் ஹசீனா, கலிதா ஜியா ஆகியோரின் கட்சிகளும் ஒரே கோரிக்கையில் நின்றன. டிசம்பர் 6ஆம் தேதி எர்ஷாத் பதவி விலகினார்.

உடைந்த ஏற்பாடு

தேர்தல் நேரத்தில் ஆளுங்கட்சி அதிகாரத்தைப் பயன்படுத்துவதைத் தடுக்க, கட்சி சார்பற்ற காபந்து அரசு முறை 1996இல் அரசியலமைப்புச் சட்டத்தில் சேர்க்கப்பட்டது. அதற்காகப் போராடியவர்களில் முதன்மையானவர் ஹசீனா. ஆனால், அவரது ஆட்சியிலேயே 2011ஆம் ஆண்டு அம்முறை நீக்கப்பட்டது. எதிர்க்கட்சிகள் புறக்கணித்த 2014 தேர்தலில், மொத்தமுள்ள 300 தொகுதிகளில் 153இல் போட்டியே நடைபெறவில்லை. வாக்குச்சீட்டால் ஆட்சியை மாற்றும் வழி அடைபட்டதாகக் கருதியவர்களுக்குத் தெருவே எஞ்சியது.

2024: மீண்டும் தோட்டா

அரசு வேலைகளில் 56 விழுக்காடு பல்வேறு பிரிவினருக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. அதில் 30 விழுக்காடு விடுதலைப் போராட்ட வீரர்களின் குடும்பத்தினருக்கு உரியது. 2018ஆம் ஆண்டுப் போராட்டத்தால் உயர்நிலைப் பணிகளில் இது கைவிடப்பட்டது. அந்த முடிவு செல்லாது என 2024 ஜூன் மாதம் உயர் நீதிமன்றம் தீர்ப்பளிக்க, ஜூலையில் மாணவர்கள் மீண்டும் திரண்டனர்.

ஜூலை 16ஆம் தேதி ரங்பூரில் கைகளை விரித்து நின்ற மாணவர் அபு சயீத் சுடப்பட்டு இறந்த காட்சி நாடெங்கும் பரவியது. தகுதி அடிப்படையிலான இடங்களை 93 விழுக்காடாக உயர்த்தி ஜூலை 21ஆம் தேதி உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோதும் கொந்தளிப்பு தணியவில்லை. காரணம், கோரிக்கை அதற்குள் இடஒதுக்கீட்டிலிருந்து உயிரிழப்புகளுக்கான நீதியாக மாறியிருந்தது. ஆகஸ்ட் 3ஆம் தேதி, மொழிப்போர் தியாகிகளின் நினைவிடமான ஷஹீத் மினாரில் ‘அரசு விலக வேண்டும்’ என்ற ஒற்றைக் கோரிக்கை அறிவிக்கப்பட்டது. இரண்டே நாளில் அரசு வீழ்ந்தது. ஆகஸ்ட் 8ஆம் தேதி, நோபல் பரிசு பெற்ற முகமது யூனுஸ் தலைமையில் இடைக்கால அரசு பொறுப்பேற்றது. இந்தக் கிளர்ச்சியில் 1,400 பேர் வரை கொல்லப்பட்டிருக்கலாம் என ஐ.நா. மனித உரிமை அலுவலகம் மதிப்பிட்டது.

அடுத்தது என்ன?

ஆட்சியை வீழ்த்துவதில் வங்கதேச மாணவர்கள் பலமுறை வென்றுள்ளனர். அமைதியாக ஆட்சி கைமாறும் முறையை நிலைநிறுத்துவதில்தான் அந்நாட்டு அரசியல் தடுமாறி வந்துள்ளது. காபந்து அரசு முறையை நீக்கிய 2011ஆம் ஆண்டு நடவடிக்கை செல்லாது என 2024 டிசம்பரில் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதிகாரத்தில் இருப்பவர் தோல்வியையும் ஏற்கும் தேர்தல் முறை வேரூன்றுமா என்பதைப் பொறுத்தே, அடுத்த தலைமுறை மாணவர்கள் வகுப்பறையில் இருப்பார்களா, தெருவில் நிற்பார்களா என்பது அமையும்.