பந்திக்கு ஆக்கிய சோறு

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. காலை ஆறரை மணியளவில் சுமத்ராவுக்கு அப்பால் கடலடி நிலம் அதிர்ந்தது. ஒன்பது மணிவாக்கில் தமிழ்நாட்டுக் கரையைச் சுனாமி அடித்தது. நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கு மேல் மாண்டனர். படகுகளை எதிர்பார்த்துக் கரையில் நின்ற மீன்காரப் பெண்களும், விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளும் அவர்களில் மிகுதி.

வடக்கே பரங்கிப்பேட்டையில் அன்று கல்யாண நாள். மீனவக் குப்பங்களிலிருந்து உயிர் தப்பி ஓடிவந்தவர்களுக்கு, விருந்துக்கு ஆக்கிய சோற்றை அவ்வூர் முஸ்லிம் ஜமாஅத்தார் பரிமாறினார்கள். பள்ளிக்கூடங்களையும் மண்டபங்களையும் திறந்துவிட்டு, நாள் கணக்கில் உலை வைத்தார்கள். சடலங்களைத் தேடியெடுக்க அவ்வூர் இளைஞர்கள் இறங்கினார்கள். நாகூர் தர்கா தன் நிலத்தையே கொடுத்தது. இறந்தவர் எந்த மதம் என்று கேட்காமல் அங்கே அடக்கம் நடந்தது.

நிவாரண லாரிகள் பிறகு வந்தன, அவையும் தேவைப்பட்டன. முதல் கவளம் பக்கத்து ஊர் கொடுத்தது என்பதை இந்தக் கரையில் நிற்பவர் அவசியம் அறிய வேண்டும்.

பெற்றோரை இழந்த பிள்ளைகளை நாகப்பட்டினம் அன்னை சத்யா அரசுக் காப்பகம் ஏற்றுக்கொண்டது. அங்கே வளர்ந்த பெண்கள் சிலர் படித்து, வேலைக்குப் போய், திருமணமும் செய்துகொண்டிருக்கிறார்கள்.