ஆயிரம் முகம் படைத்த நடிகர்!

"சிலந்தியை மிதித்து விடாதே! அது லான் சேனியாக இருந்தாலும் இருக்கும்!"

1920-களில் அமெரிக்காவில் இப்படி ஒரு வேடிக்கைப் பேச்சு உலவியது.

லான் சேனி ஒரு சினிமா நடிகர். எந்தப் படத்தில் எந்த உருவத்தில் வருவார் என்று யாருக்கும் தெரியாது. கூனனாக வருவார். காலில்லாத கொள்ளைக்காரனாக வருவார். கிழவியாகக்கூட வருவார்! "ஆயிரம் முக மனிதர்" என்று அவருக்குப் பட்டம் கொடுத்தார்கள்.

இந்த வித்தையை அவர் எந்த நாடகப் பள்ளியிலும் படிக்கவில்லை. பெற்ற தாயின் படுக்கை அருகே படித்தார்.

ஜாடைப் பேச்சு

சேனி 1883-ம் ஆண்டு ஏப்ரல் 1-ந் தேதி, கொலராடோ ஸ்பிரிங்ஸ் என்ற ஊரில் பிறந்தார். தந்தை முடி திருத்தும் தொழிலாளி. தாய், தந்தை இருவருக்குமே காது கேளாது. வீட்டில் பேச்செல்லாம் கை ஜாடைதான்.

சேனி சிறுவனாக இருந்தபோது தாயை வாத நோய் பிடித்தது. அவர் படுத்த படுக்கையாகி விட்டார். பையன் படிப்பை நிறுத்திவிட்டுத் தாய்க்குப் பணிவிடை செய்தான். வெளியே போய் வந்ததும், ஊரில் நடந்ததை எல்லாம் தாய்க்கு நடித்துக் காட்டுவான். யார் எப்படி நடந்தார், யார் எப்படிக் கோபித்தார் என்பதை முகத்தாலும் கையாலும் சொல்லுவான். தாய் சிரிப்பாள்.

வளர்ந்ததும் நாடகக் குழுக்களில் சேர்ந்து ஊர் ஊராகச் சுற்றினார். பிறகு சினிமாவுக்கு வந்தார். அது ஊமைப் படக் காலம். முகமும் கையும்தான் பேச வேண்டும். சேனிக்கு அது தாய்மொழி ஆயிற்றே!

சம்பளம் கேட்டார்

யுனிவர்சல் கம்பெனியில் பல ஆண்டுகள் சின்னச் சின்ன வேஷங்கள் போட்டார். 1918-ல் வாரச் சம்பளத்தை 125 டாலராக உயர்த்தும்படி கேட்டார். 100 டாலருக்கு மேல் அவர் என்றுமே பெறமாட்டார் என்று கம்பெனி நிர்வாகி சொல்லிவிட்டார். சேனி வெளியேறினார்.

மறு ஆண்டே "மிராக்கிள் மேன்" படம் வந்தது. அதில் சேனி ஒரு போலி முடவன். முறுக்கிக் கிடந்த கை கால்களை ஒவ்வொன்றாக நிமிர்த்திக்கொண்டு அவர் எழுந்ததைப் பார்த்து ஜனங்கள் மலைத்துப் போனார்கள். 1920-ல் "பெனால்டி" படத்துக்காக இரண்டு கால்களையும் பின்னால் மடக்கி வாரால் கட்டிக்கொண்டு, முழங்காலிலேயே நடந்தார். வலி பொறுக்க முடியாமல் அடிக்கடி கட்டை அவிழ்க்க வேண்டியிருந்தது.

1923-ல் அதே யுனிவர்சல் கம்பெனியின் படத்தில் நடித்தார். இந்தத் தடவை 100 டாலர் பேச்சே எழவில்லை! படம், "நோட்டர்டாம் கூனன்". பாரிஸ் மாதா கோவிலில் மணி அடிப்பவன் கதை. முதுகில் பிளாஸ்டர் கூன் வைத்துக் கட்டி, ஒரு கண்ணை மறைத்து நடித்தார். கூன் 70 ராத்தல் எடை என்று விளம்பரம் செய்தார்கள். அது மிகை. உண்மை எடை அதில் பாதிகூட இராது. ஆனால், நடிப்பு மிகை அல்ல. மணி ஓசையால் செவிடாகிப் போனவன் அந்தக் கூனன். செவிடர் படும் பாடு சேனிக்குத் தெரியாததா?

1925-ல் "ஓபராவின் பேய்" படத்தில் மண்டை ஓடு போன்ற முகத்துடன் வந்தார். படம் வெளிவரும்வரை அந்த முகத்தைக் கம்பெனியார் யாருக்கும் காட்டவில்லை. முகமூடி பறிக்கப்படும் கட்டம் இன்றும் பேசப்படுகிறது.

எல்லாமே கோர முகம் என்று நினைக்க வேண்டாம். 1926-ல் வேஷமே போடாமல் கடற்படை வீரர்களின் சார்ஜெண்டாக நடித்தார். அந்தப் படையினர் அவரைக் கௌரவ உறுப்பினர் ஆக்கிக் கொண்டார்கள்.

ஐந்து குரல்

1927-க்குப் பிறகு பேசும் படம் வந்தது. பல நட்சத்திரங்கள் பேசினார்கள். சேனி மூன்று ஆண்டு பிடி கொடுக்கவில்லை. கடைசியில் 1930-ல் இசைந்தார். "அன்ஹோலி த்ரீ" படத்தில் கிழவி, கிளி, பொம்மை என்று 5 குரல்களில் பேசினார்! எல்லாம் தன் குரலே என்று சத்தியப் பத்திரமும் எழுதிக் கொடுத்தார்.

அவர் பேசிய ஒரே படம் அதுதான். நுரையீரலில் புற்று நோய் இருந்தது. படம் வெளிவந்த சில வாரங்களில் தொண்டையில் ரத்தம் கசிந்து, பேச்சு நின்றுவிட்டது. படுக்கையில் கிடந்தபடி, சிறு வயதில் தாயிடம் பேசிய அதே கை ஜாடையால் பேசினார். 1930 ஆகஸ்டு 26-ந் தேதி உயிர் பிரிந்தது. வயது 47.

மகன் பிற்காலத்தில் தந்தை பெயரிலேயே நடித்து, 1941-ல் "ஓநாய் மனிதன்" படத்தால் புகழ் பெற்றார். சேனியின் மேக்கப் பெட்டி லாஸ் ஏஞ்சல்ஸ் காட்சிசாலைக்குப் போய்ச் சேர்ந்தது.