படம் வேண்டாம், வர்ணனை போதும்

இரவு பத்து மணி தாண்டியதும் ஒரகடம் கூட்டுரோடு இன்னொரு முறை விழித்துக்கொள்கிறது. செகண்ட் ஷிஃப்ட் விட்ட கம்பெனி பஸ்கள் வண்டலூர்–வாலாஜாபாத் சாலையிலும் ஸ்ரீபெரும்புதூர்–சிங்கப்பெருமாள்கோவில் சாலையிலும் பிரிந்து போகின்றன. நைட் ஷிஃப்டுக்கு ஆள் ஏற்றிய பஸ்கள் எதிரே வருகின்றன. பல ஆலைகளில் வேலை நேரத்தில் கைபேசி லாக்கரில்தான் இருக்க வேண்டும். அதனால் பஸ்ஸில் உட்கார்ந்ததும் எல்லோருக்கும் முதல் காரியம் டேட்டாவை ஆன் செய்வதுதான். சிலர் ஊருக்குப் பேசுவார்கள், சிலர் ரீல்ஸ் தள்ளுவார்கள். ஒன்றிரண்டு பேர் மட்டும் இயர்போனைச் செருகிக்கொண்டு கண்ணை மூடிவிடுவார்கள். தூங்குகிறார்கள் என்று நினைத்துவிடக் கூடாது. சனிக்கிழமையாக இருந்தால் இங்கிலாந்தில் ஏதோ ஒரு மைதானத்தில் அப்போது பந்து ஓடிக்கொண்டிருக்கும். அங்கே மாலை 5.30க்குத் தொடங்கும் ஆட்டம் குளிர்காலத்தில் நமக்கு இரவு 11 மணி.

ஸ்ரீபெரும்புதூர் வட்டாரம் கிரிக்கெட்டுக்கும் கபடிக்கும் பேர்போனது, கால்பந்துக்கு அல்ல. ஆனால் இங்கே வேலை செய்கிறவர்களில் பெரும்பகுதி வெளியூர்க்காரர்கள். தூத்தூர், இரவிபுத்தன்துறை என்று குமரிக் கடற்கரையில் பந்து உதைத்து வளர்ந்தவர்கள் இருக்கிறார்கள். இந்திய அணிக்கு ஆடிய மைக்கேல் சூசைராஜின் ஊர் அந்த இரவிபுத்தன்துறை. வட சென்னை வியாசர்பாடியிலிருந்தும் ஆட்கள் வருகிறார்கள். மணிப்பூர், அசாம், மேற்கு வங்கம், கேரளம் பற்றிச் சொல்லவே வேண்டாம். ஊரை விட்டு வந்தவர்கள் கால்பந்தையும் கூடவே கொண்டுவந்தார்கள். உட்கார்ந்து பார்க்கத்தான் நேரமில்லை.

அதனால்தான் காதால் கேட்கிறார்கள். இதில் ஒரு கணக்கும் இருக்கிறது. விநாடிக்கு 64 கிலோபிட் வேகத்தில் வரும் இணைய வானொலி மணிக்கு 29 எம்.பி. அளவுக்குத்தான் டேட்டா எடுக்கும். இடைவேளையோடு சேர்த்து இரண்டு மணி நேர ஆட்டத்துக்கு 60 எம்.பி.கூட ஆகாது. தரம் கூடிய 128 கிலோபிட் ஒலி என்றாலும் 115 எம்.பி.தான். அதே ஆட்டத்தை விநாடிக்கு 2 மெகாபிட் வீடியோவாகப் பார்த்தால் 1.8 ஜி.பி. போய்விடும். தினம் ஒன்றரை ஜி.பி. பேக் போட்டிருப்பவருக்கு ஆட்டம் முடிவதற்குள் நெட் படுத்துவிடும். அறை நெருக்கடி வேறு. வல்லம் வடகாலில் பெண் தொழிலாளர்களுக்காக சிப்காட் கட்டிய விடுதியை 2024 ஆகஸ்டில் முதலமைச்சர் திறந்துவைத்தார். அங்கே 18,720 படுக்கைகள். சுங்குவார்சத்திரம் சுற்றுவட்டாரத்தில் ஆண்கள் தங்கும் வாடகை அறைகளும் பெரும்பாலும் பலர் பகிர்ந்துகொள்பவைதான். பக்கத்துப் பாயில் காலை ஷிஃப்ட்காரர் தூங்கும்போது திரையின் வெளிச்சம்கூட வம்பு. ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக் ஆட்டங்கள் குளிர்காலத்தில் நமக்கு அதிகாலை 1.30க்குத் தொடங்குகின்றன. அந்த நேரத்தில் போர்வைக்குள் ஒரு காதில் மாட்டிய இயர்போன் யாரையும் எழுப்பாது.

வானொலியோடு இந்த வட்டாரத்துக்கு வேறொரு தொடர்பும் உண்டு. 2006ல் இங்கே உற்பத்தியைத் தொடங்கிய நோக்கியா ஆலை 2014 நவம்பர் முதல் தேதியோடு மூடப்பட்டது. எஃப்.எம். ரேடியோவை விலை குறைந்த கைபேசிக்குள் கொண்டுவந்து எளிய மனிதர்களின் சட்டைப் பைக்குள் வைத்ததில் அந்தக் கம்பெனிக்குப் பெரிய பங்கு உண்டு. இயர்போன் ஒயரே ஏரியல். ஒயரைப் பிடுங்கினால் பாட்டு நின்றுவிடும். அதற்கு நெட்டும் வேண்டாம், பேக்கும் வேண்டாம். இன்று அதே வட்டாரத்தில், சுங்குவார்சத்திரத்தில், பாக்ஸ்கான் ஆலை ஐபோன்களை உருவாக்குகிறது. ஐபோனில் எஃப்.எம். கிடையாது. 2017ல் அமெரிக்காவில் புயல்கள் அடித்தபோது, ஐபோனில் எஃப்.எம்.மைத் திறந்துவிடுங்கள் என்று அந்நாட்டுத் தகவல் தொடர்பு ஆணையத் தலைவர் கேட்டார். ஐபோன் 7, 8 மாடல்களில் அதற்கான சிப்பும் இல்லை, ஏரியலும் இல்லை என்று ஆப்பிள் பதில் சொன்னது. 2023 ஏப்ரலில் இந்திய மின்னணுத் துறை அமைச்சகமும் கைபேசித் தயாரிப்பாளர்களுக்கு ஓர் அறிவுரை அனுப்பியது. எஃப்.எம். வசதி உள்ள போன்களில் அதை முடக்காதீர்கள், இல்லாதவற்றில் சேருங்கள் என்பது அதன் சாரம். ஆக, புதிய போன்கள் பலவற்றில் வானொலி என்றால் இணைய வானொலிதான். காற்றில் இலவசமாக வந்த ஒன்று டேட்டா வழியாக வர ஆரம்பித்த பிறகுதான் யார் கேட்கலாம், யார் கேட்கக் கூடாது என்ற கேள்வியும் பிறந்தது.

கால்பந்து வர்ணனைக்கு நூறு வயதாகப்போகிறது. 1927 ஜனவரி 22 அன்று லண்டன் ஹைபரி மைதானத்தில் ஆர்சனலும் ஷெஃபீல்ட் யுனைடெட்டும் மோதிய ஆட்டத்தைத்தான் பிபிசி முதன்முதலில் நேரடியாக வர்ணித்தது. பேசியவர் முன்னாள் ரக்பி வீரர் டெடி வேக்லம். கேட்பவருக்குப் பந்து எங்கே இருக்கிறது என்று எப்படிப் புரியவைப்பது? ‘ரேடியோ டைம்ஸ்’ இதழில் மைதானத்தின் படத்தைக் கட்டம் கட்டமாகப் பிரித்து, எண் போட்டு அச்சிட்டார்கள். வேக்லம் பேசப் பேச, பக்கத்தில் இருந்த இன்னொருவர் கட்டத்தின் எண்ணைச் சொல்லிக்கொண்டே இருந்தார். மக்கள் இதழை மடியில் விரித்து வைத்துக்கொண்டு கேட்டார்கள். ஆட்டம் 1–1 என்று டிரா ஆனது.

கட்டங்கள் போய்விட்டன. ஆனாலும் வானொலி வர்ணனையாளரின் வேலை அதேதான்: பந்து எங்கே, யார் காலில், கோலுக்கு எவ்வளவு தூரம், ஸ்கோர் என்ன. டி.வி. வர்ணனையாளர் பேசாமல் இருந்தாலும் படம் ஓடும். வானொலிக்காரர் மூன்று விநாடி மௌனமானால் நெட் போய்விட்டதோ என்று போனைத் தட்டத் தோன்றும். 1986 உலகக் கோப்பைக் கால் இறுதியில் மாரடோனா பாதி மைதானத்தைக் கடந்து இங்கிலாந்துக்கு எதிராக அடித்த கோலை அர்ஜென்டினா வானொலிக்காக வர்ணித்தவர் விக்டர் ஹியூகோ மொராலஸ் என்ற உருகுவேக்காரர். அழுகையும் கூச்சலுமாக அவர் மாரடோனாவை விண்வெளிக் காற்றாடி என்று அழைத்தது, அந்தக் கோலைப் போலவே இன்றும் நினைவில் நிற்கிறது. நம் நாட்டில் இந்தக் கலையின் தலைநகரம் கொல்கத்தா. மோகன் பகான்–ஈஸ்ட் பெங்கால் ஆட்டத்தை ஆகாசவாணியில் அஜய் பாசு வங்காளத்தில் வர்ணித்த காலத்தை அந்த ஊர்ப் பெரியவர்கள் இன்னும் விட்டுக்கொடுக்க மாட்டார்கள்.

காசு விவகாரத்துக்கு வருவோம். ஒளிபரப்பு உரிமை போலவே ஒலிபரப்பு உரிமையும் விற்பனைப் பொருள்தான். ஸ்பெயினில் இது பெரிய சண்டையாகவே வெடித்தது. அங்கே வானொலிகள் காலங்காலமாக மைதானத்துக்குள் இலவசமாகப் போய் வர்ணித்து வந்தன. ‘கருசெல் தெபோர்த்திவோ’ நிகழ்ச்சி 1950களிலிருந்து ஓடுகிறது. 2011–12 சீசனில், இனி பணம் கட்டினால்தான் உள்ளே விடுவோம் என்றது லீக் நிர்வாகம். வானொலிகள் மறுத்தன, மைதானக் கதவு மூடப்பட்டது. வர்ணனையாளர்கள் டி.வி.யைப் பார்த்தும் கிடைத்த இடத்தில் நின்றும் ஆட்டத்தைச் சொன்னார்கள். கடைசியில் 2012ல் அரசு தலையிட்டு, மைதான வசதிக்கான செலவை மட்டும் வானொலிகள் கொடுத்தால் போதும் என்று சட்டம் போட்டது. தகவல் அறியும் உரிமை என்ற வாதம் அங்கே வென்றது. எல்லா நாட்டிலும் அப்படி நடக்கவில்லை.

இங்கிலாந்தில் பிபிசி ரேடியோ 5 லைவ் பிரீமியர் லீக் ஆட்டங்களைத் தனிக் கட்டணம் இல்லாமல் தருகிறது. ஆனால் அந்த வர்ணனை பிரிட்டனுக்கு வெளியே இணையத்தில் ஒலிக்காது. நம் போனின் ஐ.பி. முகவரி இந்தியா என்று காட்டிக்கொடுத்துவிடும். உடனே, உரிமைக் கட்டுப்பாடு காரணமாக இதை வழங்க முடியவில்லை என்ற அறிவிப்பு வரும். வெளிநாட்டு உரிமை தனியாக விற்கப்படுவதுதான் காரணம். 2012ல் பிரிட்டனுக்கு வெளியே ஒரு சீசனின் 380 ஆட்டங்களையும் ஒலிபரப்பும் உரிமையை டாக்ஸ்போர்ட் என்ற தனியார் வானொலி வாங்கியது. ஜெர்மனியின் பாயர்ன் மியூனிக் போன்ற சில கிளப்புகள் சொந்த இணைய வானொலியை இலவசமாகவே நடத்துகின்றன. ஜெர்மன் மொழி புரியாவிட்டாலும் வீரர்களின் பெயரும் கூட்டத்தின் இரைச்சலும் புரியும். கோலுக்கு அகராதி தேவையில்லை. நெதர்லாந்தில் 2016ல் தொடங்கிய ‘ரேடியோ கார்டன்’ தளத்தில் பூமி உருண்டையைச் சுழற்றி, ஊரைத் தொட்டால் அந்த ஊர் வானொலி கேட்கும். பிரேசிலில் வானொலி நிலையங்கள் வர்ணனையாளரின் முகத்தை மட்டும் காட்டி யூடியூபிலேயே ஆட்டத்தைச் சொல்கின்றன. சில நிலையங்கள் ஆட்ட நேரத்தில் மட்டும் இணையத்தில் பாட்டு போட்டுவிடும். அதுவும் உரிமைப் பிரச்சினைதான்.

ஒரு குறையையும் சொல்ல வேண்டும். இணைய ஒலி தாமதமாகத்தான் வரும். ஒலியைச் சில விநாடித் துண்டுகளாக வெட்டி அனுப்புகிறார்கள். அந்தத் துண்டுகளை நம் ஆப் மொட்டைமாடி டேங்கில் தண்ணீர் ஏற்றுவது போலக் கொஞ்சம் சேர்த்து வைத்துக்கொண்ட பிறகே திறந்துவிடுகிறது. சிக்னல் விட்டு விட்டு வந்தாலும் பேச்சு அறுபடாமல் இருக்க இந்த ஏற்பாடு. விலை, அரை நிமிடமோ அதற்கு மேலோ தாமதம். அதற்குள் வாட்ஸ்அப் குரூப்பில் எவனாவது கோல் என்று போட்டுவிடுவான். ஆட்டம் கேட்கும்போது குரூப்பை மியூட் செய்து வைப்பது நல்லது.

இந்தியாவில் சட்டம் ரசிகர் பக்கம் ஓரளவு சாய்ந்தே இருக்கிறது. தேசிய முக்கியத்துவம் உள்ளவை என்று அரசு அறிவிக்கும் விளையாட்டுப் போட்டிகளின் நேரடி ஒலி, ஒளியை உரிமையாளர்கள் பிரசார் பாரதியோடு பகிர வேண்டும் என்கிறது 2007ஆம் ஆண்டுச் சட்டம். விளம்பர வருமானத்தில் உரிமையாளருக்கும் பிரசார் பாரதிக்கும் டி.வி. என்றால் 75:25, வானொலி என்றால் 50:50 என்று பங்கும் வகுத்திருக்கிறது. உலகக் கோப்பையின் முக்கிய ஆட்டங்களும் சந்தோஷ் டிராபியின் கடைசிக் கட்ட ஆட்டங்களும் அந்தப் பட்டியலில் இடம்பெற்றவை. ஆகாசவாணியின் 200க்கு மேற்பட்ட ஒலிபரப்புகள் ‘நியூஸ்ஆன்ஏர்’ ஆப்பில் இலவசமாகக் கிடைக்கின்றன. அசாம் தொழிலாளி குவாஹாத்தி நிலையத்தையும், வங்காளி கொல்கத்தா நிலையத்தையும் ஒரகடத்தில் இருந்தபடியே கேட்கலாம்.

தமிழில் என்ன கிடைக்கிறது என்று கேட்டால்தான் சங்கடம். கிரிக்கெட்டுக்குச் செழிப்பான வானொலி மரபு நம்மிடம் உண்டு. அப்துல் ஜப்பாரின் குரலைக் கேட்டே ஆட்டத்தைப் பார்த்த தலைமுறை ஒன்று இருக்கிறது. கால்பந்துக்கு அப்படி ஒரு பெயரைச் சட்டென்று சொல்ல முடிவதில்லை. 2022 உலகக் கோப்பையை ஜியோசினிமா தமிழ் வர்ணனையோடு இலவசமாகத் தந்தது. அது டி.வி. வர்ணனை, படத்தை நம்பிப் பேசியது. போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு கேட்டால் யாரிடம் பந்து என்றே தெரியாது. சென்னையின் எஃப்.சி. 2015, 2017–18 என இரண்டு முறை ஐ.எஸ்.எல். கோப்பையை வென்ற ஊர் இது என்பதை நினைத்தால் இந்தக் குறை இன்னும் உறுத்துகிறது.

இந்த வெற்றிடத்தில்தான் மோசடிக்காரர்கள் கடை விரிக்கிறார்கள். பெரிய ஆட்டம் வரும் நாளில், இலவச லைவ் என்று தேடினால் குவியும் தளங்களில் பல, ஆட்டத்தைத் தருவதற்காக இருப்பவை அல்ல. பிளே பட்டனைத் தொட்டால் ஏ.பி.கே. ஃபைலை இறக்கச் சொல்லும். வயதைச் சரிபார்க்க என்று கார்டு எண் கேட்கும். வானொலி கேட்க இரண்டுமே தேவையில்லை. அதிகாரபூர்வ ஆப் ஸ்டோரில் இருக்கும் நிலையத்தின் ஆப், அல்லது கிளப்பின் சொந்தத் தளம், இவற்றைத் தாண்டிப் போகாமல் இருப்பதே பாதுகாப்பு. பணம் போய்விட்டால் உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு அழைக்க வேண்டும். தாமதிக்கும் ஒவ்வொரு மணி நேரமும் பணம் கை மாறிக்கொண்டிருக்கும்.

தமிழ் வர்ணனைக்கு வழி இல்லாமல் இல்லை. தனியார் எஃப்.எம். நிலையங்கள் விளையாட்டை நேரடியாக ஒலிபரப்பக் கூடாது என்பது மூன்றாம் கட்ட எஃப்.எம். கொள்கையின் பொதுவிதி. ஆனால் உள்ளூர்த் தன்மை கொண்ட போட்டிகளின் நேரடி வர்ணனைக்கு அதே கொள்கை இடம் கொடுக்கிறது. நம் ஊர்த் திருவிழாக் கபடியில் குழாய் ஸ்பீக்கரைப் பிடித்துக்கொண்டு மூச்சுவிடாமல் பேசுகிறவர்களுக்கு ஆட்டத்தைச் சொல்லத் தெரியாதா என்ன? குமரியில் நடக்கும் கடற்கரைப் போட்டிகளில் இருந்தும் சென்னை சீனியர் டிவிஷன் லீக்கில் இருந்தும் ஆளுக்கொரு ஆட்டம் என்று எஃப்.எம். நிலையங்கள் முயன்று பார்க்கலாம். ஆகாசவாணியின் சென்னை நிலையம் சந்தோஷ் டிராபியில் தமிழ்நாடு ஆடும் ஆட்டங்களைத் தமிழில் சொல்லத் தொடங்கலாம். மைதானத்துக்கு ஒரு வர்ணனையாளர், ஒரு மைக், ஒரு நெட் இணைப்பு, செலவு அவ்வளவுதான். செகண்ட் ஷிஃப்ட் பஸ்ஸில் கேட்க ஆள் இருக்கிறார்கள். நிலைய இயக்குநர்கள் அடுத்த சீசனுக்கு முன்பாவது இதைப் பரிசீலிக்க வேண்டும்.