உங்களுக்குத் தெரியுமா? ‘இசக்கி’ ஆண் பெயரான கதை

நெல்லைச் சீமையில் ஆண்பிள்ளைக்கு ‘இசக்கி’ என்று பெயரிடுவது வெகு இயல்பு. ஆனால் பெயருக்குரியவள் பெண் தெய்வம். வடமொழி ‘யக்ஷி’ பிராகிருதத்தில் ‘யக்கி’யாகி, தமிழில் ‘இயக்கி’ ஆனது. சிலப்பதிகாரத்தில் ஆயர்குல மாதரி மதுரைக்கு வெளியே பால் படைத்து வழிபடுவது இயக்கியைத்தான். உயரம் ‘உசரம்’ என்றும் உயிர் ‘உசிரு’ என்றும் பேச்சில் மாறுகிறதல்லவா? இயக்கியும் அப்படித்தான் இசக்கியானாள். ‘இசை’யிலிருந்து வந்திருக்கலாமே என்றால், நடுவிலுள்ள ‘க்க’வுக்கு அங்கே விளக்கமில்லை, ‘யக்கி’யில் அது அப்படியே இருக்கிறது.

1986 வரை நெல்லை மாவட்டத்திலிருந்த கழுகுமலையில், சமணச் சிற்பங்களிடையே அம்பிகா இயக்கியும் இருக்கிறாள். அதைக்கொண்டு இசக்கி வழிபாடே சமணம் தந்தது என்று முடித்துவிடக் கூடாது; பெயர் வந்த வழி வேறு, வழிபாடு வந்த வழி வேறாக இருக்கலாம். ஆண்கள் தாங்கும் ‘இசக்கி’ என்ற பெயர் ‘இசக்கிமுத்து’வின் சுருக்கம்தானே என்பார்கள். பல வீடுகளில் உண்மைதான். ஆனால் அந்த முழுப்பெயரும் அவளுடையதே. காளி, மாரி, பேச்சி என்ற அம்மன் பெயர்களையும் இம்மண்ணின் ஆண்கள் தாங்குகிறார்கள். கையில் குழந்தையோடு நிற்கும் இசக்கியம்மனிடம் பிள்ளைவரம் கேட்டு நேர்ந்துகொள்பவர்கள், பிறந்தது ஆணானாலும் அவள் பெயரையே இடுகிறார்கள்.