பேசாத நீலப் பூனை!
பிரெஞ்சு நாட்டுச் சித்திரக் கம்பெனி பிழைத்த கதை

புதுச்சேரியில் இருந்து கடலூர் போகும் சாலையில் சுமார் 8 கிலோ மீட்டர் போனால் நோணாங்குப்பம் வரும். சுண்ணாம்பாறு ஓடும் ஊர். வெளியூர்க்காரர்கள் இங்கே வருவது படகுச் சவாரிக்காக.

இந்த ஊரும் ஒரு காலத்தில் பிரெஞ்சுக்காரர் ஆட்சியில் இருந்ததுதான். 1954-ம் ஆண்டு நவம்பர் 1-ந்தேதி ஆட்சி கைமாறியது. 1962-ம் ஆண்டு ஆகஸ்டு 16-ந்தேதி சட்டப்படியும் எல்லாம் முடிந்தது. பிரெஞ்சு அதிகாரிகள் கப்பல் ஏறிப் போய்விட்டார்கள்.

பல ஆண்டுகள் கழித்து ஒரு பிரெஞ்சுக்காரர் திரும்பி வந்தார். கப்பலில் அல்ல, டெலிவிஷன் பெட்டிக்குள்! நீல உடம்பு. சிவப்பு மூக்கு. தொப்பை வயிறு. வாய் திறந்து ஒரு வார்த்தை பேசமாட்டார்.

அவர் மனிதர் அல்ல, பூனை. பெயர் "ஓகி".

நோணாங்குப்பத்தில் மட்டுமா? தமிழ்நாட்டில் டெலிவிஷன் இருக்கும் வீட்டுப் பிள்ளைகளைக் கேட்டுப் பாருங்கள். ஓகியையும், அதன் குளிர்சாதனப் பெட்டியைக் கொள்ளை அடிக்கும் மூன்று கரப்பான் பூச்சிகளையும் தெரியாது என்று சொல்லும் பிள்ளை அபூர்வம். ஆனால் அந்தப் பூனை பிரான்சு நாட்டில் பிறந்தது என்பது பெரியவர்களுக்கே தெரியாது. பிறந்த சில மாதங்களில் அது அனாதை ஆனது என்பதும் தெரியாது.

அந்தக் கதையைச் சொல்வதற்கு முன், அதன் பாட்டனார்களின் கதையைச் சொல்லவேண்டும். அது கொஞ்சம் கண்ணீர்க் கதை.

ஆற்றில் எறிந்த படங்கள்

பாரிஸ் நகரில் எமில் ரெய்னோ என்று ஒருவர் இருந்தார். கையால் வரைந்த படங்களை நீளமான சுருளில் ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்து, விளக்கு வெளிச்சத்தில் திரையில் ஓடவிட்டார். படத்தில் இருந்த கோமாளி நடந்தான், கை ஆட்டினான். ஜனங்கள் வாயைப் பிளந்தார்கள்.

இது நடந்தது 1892-ம் ஆண்டு அக்டோபர் 28-ந்தேதி. லூமியேர் சகோதரர்கள் பாரிசில் காசு வாங்கிக்கொண்டு சினிமா காட்டியது 1895-ம் ஆண்டு டிசம்பரில்தான். அதற்கும் 3 ஆண்டுகளுக்கு முன்பே ரெய்னோ சித்திரத்தை நடக்க வைத்துவிட்டார்! இன்றைக்கும் உலகம் முழுவதும் அக்டோபர் 28-ந்தேதியைச் சித்திரப்பட நாளாகக் கொண்டாடுகிறார்கள்.

ஒரு மெழுகுப் பொம்மைக் காட்சிசாலையில் அவருடைய காட்சி 1900 வரை நடந்தது. சுமார் 5 லட்சம் பேர் பார்த்தார்கள். ஆனால் லூமியேர் சகோதரர்களின் சினிமா வந்த பிறகு ரெய்னோவின் பிழைப்பு படுத்துவிட்டது. ஒரு படத்துக்கு மாதக்கணக்கில் உட்கார்ந்து வரைய வேண்டும். சினிமாக்காரர்களோ கேமராவைச் சுற்றினால் போதும்.

வெறுத்துப் போன ரெய்னோ தன் இயந்திரத்தைச் சம்மட்டியால் உடைத்தார். படச்சுருள்களைச் சேன் நதியில் எறிந்தார். தப்பியவை இரண்டே படங்கள். 1918-ல் ஏழைகள் விடுதி ஒன்றில் அவர் இறந்தார்.

தாடியில் பிடித்த தீ

அடுத்தவர் பெயரும் எமில்தான். எமில் கோல். பத்திரிகைகளில் கேலிச்சித்திரம் போட்டுப் பிழைத்தவர். 50 வயதைத் தாண்டிய பிறகு கோமோன் என்ற பெரிய சினிமாக் கம்பெனியில் சேர்ந்தார்.

1908-ம் ஆண்டு ஆகஸ்டு 17-ந்தேதி கோலின் "பாந்தஸ்மகோரி" என்ற படம் பாரிசில் காட்டப்பட்டது. இரண்டு நிமிடங்கூட ஓடாது. அதற்கு அவர் வரைந்தது சுமார் 700 படம்! வெள்ளைத் தாளில் கறுப்புக் கோட்டில் வரைந்து, கேமராவால் ஒவ்வொன்றாகப் பிடித்தார். திரையிலோ கறுப்புப் பலகையில் சாக்குக்கட்டியால் எழுதியதுபோல் தெரிந்தது. பொம்மை மனிதன் புட்டி ஆகிறான்; புட்டி பூ ஆகிறது. பிலிமில் எடுத்த முதல் சித்திரப்படம் அதுதான் என்று பலர் சொல்கிறார்கள்.

புகழ் வந்ததா? வந்தது. பணம்? அது கம்பெனிகளுக்குப் போனது. கோலுக்குக் கிடைத்தது கூலி மட்டும். முதுமையில் வறுமை பிடுங்கித் தின்றது. 1937-ல் மேஜைமேல் இருந்த மெழுகுவத்தியில் இருந்து அவர் தாடியில் தீப்பிடித்தது. ஆஸ்பத்திரியில் கிடந்து, 1938-ம் ஆண்டு ஜனவரி 20-ந்தேதி கண்ணை மூடினார்.

கோமோன் என்ற பெயரை நினைவில் வையுங்கள். அந்தக் கம்பெனி மறுபடியும் இந்தக் கதையில் வரும்.

ஒரு கட்டத்துக்கு எத்தனை படம்?

சித்திரப்படம் எப்படி நகர்கிறது? ஒன்றும் மாயம் இல்லை. பிரான்சு நாட்டு டெலிவிஷனில் ஒரு விநாடிக்கு 25 படங்கள் ஓடுகின்றன. நம் கண் அவற்றைப் பிரித்துப் பார்க்க முடியாமல் ஒரே ஓட்டமாகப் பார்க்கிறது.

ஓகியின் கதை ஒன்று சுமார் 7 நிமிடம். கணக்குப் போட்டுப் பாருங்கள். 7 நிமிடத்துக்கு 420 விநாடி. விநாடிக்கு 25 என்றால் 10,500 படம்! ஒரே படத்தை இரண்டு முறை காட்டி வேலையைப் பாதியாகக் குறைப்பது வழக்கம். அப்படிக் குறைத்தாலும் 5,000-க்கு மேல் நிற்கிறது. பிள்ளைகள் ஒரு முறுக்கைத் தின்று முடிப்பதற்குள் ஓடிப்போகிற கதைக்கு இத்தனை பாடு!

அதனால்தான் சித்திரப்படம் எடுப்பவர்களுக்குக் கையில் காசு நிற்பதில்லை. ஓவியர்களுக்குச் சம்பளம் கொடுத்தே கம்பெனி இளைத்துப்போகும். போட்ட பணத்தை எடுக்க வேண்டுமானால் ஒரே வழிதான் உண்டு. அந்தப் படத்தைப் பல நாடுகளுக்குப் பல முறை விற்க வேண்டும். அப்படி விற்க, படத்தின் உரிமை கையில் இருக்கவேண்டும்.

இதைத் தவற விட்ட கம்பெனி பிரான்சிலேயே உண்டு. 1971-ல் ழான் ஷலோப்பேன் என்பவர் "டிக்" என்ற கம்பெனியைத் தொடங்கினார். ஜப்பான்காரர்களுடன் கூட்டுச் சேர்ந்து படம் எடுத்தார். 1983-ல் "இன்ஸ்பெக்டர் காட்ஜெட்" என்ற கோமாளித் துப்பறியும் போலீஸ்காரரைப் படைத்தார். உலகமே சிரித்தது. ஆனால் கம்பெனி அமெரிக்கர் கைக்குப் போனது. பிறகு இன்ஸ்பெக்டர் பல கை மாறி, கடைசியில் கனடாக் கம்பெனி ஒன்றிடம் போய்ச் சேர்ந்தார். பிரான்சில் பிறந்த பிள்ளை வேறு வீட்டுக்குச் சம்பாதித்துப் போட்டது!

பூனை பிறந்தது

இப்போது கோமோனுக்கு வருவோம். எமில் கோலுக்கு வேலை கொடுத்த அதே கம்பெனி, 1990-களில் டெலிவிஷனுக்குச் சித்திரப்படம் எடுக்க ஒரு பிரிவை வைத்திருந்தது. அதை நடத்தியவர் மார்க் து பொந்தவிஸ்.

அவரிடம் ழான் ஈவ் ரேம்போ என்ற ஓவியர் வந்து சேர்ந்தார். 1958-ல் பிறந்தவர். பாட்டுப் பைத்தியம் உண்டு போலிருக்கிறது. தன் மூன்று கரப்பான் பூச்சிகளுக்கு ஜோயி, டீ டீ, மார்க்கி என்று பெயர் வைத்தார். அமெரிக்காவின் ராமோன்ஸ் என்ற இரைச்சல் பாட்டுக் கோஷ்டியில் இருந்தவர்களின் பெயர்கள் அவை!

1997-ல் இவர்கள் கொண்டுவந்த முதல் தொடர், பூமியில் வந்து மாட்டிக்கொண்ட வேற்றுலகத்தாரின் கதை. ஒரு பழைய வீட்டில் ஒளிந்துகொண்டு, குடிவரும் ஆட்களை எல்லாம் விரட்டுவார்கள். நல்ல வரவேற்பு. உடனே அடுத்த வேலையில் இறங்கினார்கள். அதுதான் ஓகி.

பூனை, எலி கதைகள் ஏற்கெனவே உலகில் ஏராளம். ரேம்போ எலியை விட்டுவிட்டுக் கரப்பான் பூச்சியைப் பிடித்தார். பெண்கள் அலறும் பூச்சி. செருப்பால் அடித்தாலும் எழுந்து ஓடும் பூச்சி. அடிபட்டு எழுவதுதானே கேலிப்படத்துக்கு வேண்டும்? சரியான தேர்வு.

1998 செப்டம்பரில் பிரெஞ்சு டெலிவிஷனில் ஓகி ஓட ஆரம்பித்தது.

அதைப் பார்க்க ரேம்போ இல்லை. அந்த ஆண்டு ஜூன் மாதமே புற்றுநோய் அவரைக் கொண்டுபோய்விட்டது. வயது 40. தன் பூனை இத்தனை நாடுகளில் ஓடி விளையாடப் போகிறது என்பதை அவர் அறியவே இல்லை.

யார் வளர்ப்பது?

படைத்தவர் போய்விட்டார். அடுத்த இடியும் விழுந்தது. 1999-ல் கோமோன் கம்பெனி அந்தப் பிரிவே வேண்டாம் என்று கைவிட்டது.

பொந்தவிஸ் வேறு வேலை தேடிப் போயிருக்கலாம். அவர் போகவில்லை. அதுவரை எடுத்த சித்திரப்படங்களின் உரிமையைத் தாமே எடுத்துக்கொண்டு, "க்ஸிலாம்" என்ற சொந்தக் கம்பெனியைத் தொடங்கினார். ஓகியும் கரப்பான்களும் புது வீட்டுக்குக் குடிபோனார்கள்.

டைரக்டராக ஒலிவியே ழான் மரி அமர்ந்தார். ரேம்போ வரைந்த பூனையைப் பல ஆண்டுகள் தம் பிள்ளைபோல் வளர்த்தவர் இவர்தான். தொடர் ஏழு தொகுதிகள் வரை நீண்டது. 2013-ல் தியேட்டர் படமாகவும் ஓகியை எடுத்தார். 2021-ல் அவரும் காலமானார்.

க்ஸிலாம் 2002-ல் பாரிஸ் பங்கு மார்க்கெட்டில் இறங்கியது. லக்கி லூக் என்ற குதிரை வீரனை வைத்துத் தொடரும், 2007-ல் ஒரு பெரிய படமும் எடுத்தது. ஓநாய்போல் இருக்கும் கழுதைப்புலி ஒன்று கடற்கன்னியைத் தின்னத் துடிக்கும். சுறா மீன் காவல் காக்கும். "ஸிக் அண்ட் ஷார்க்கோ" என்ற அந்தத் தொடரை நம் பிள்ளைகள் பார்த்திருப்பார்கள். அதுவும் க்ஸிலாம் சரக்குதான்.

பேசாமல் பிழைத்தது

ஓகியின் கதையில் வசனம் கிடையாது. ஒரு முனகல், ஒரு அலறல், கரப்பான்களின் கெக்கலிப்பு. மீதி எல்லாம் சங்கீதமும் சத்தமும். ஊக் லெ பார் என்ற இசை அமைப்பாளர் அந்தச் சத்தத்தைச் செய்து கொடுத்தார். கதவு இடிக்கும் ஓசை, தட்டு உடையும் ஓசை இவைகூடப் பாட்டோடு பாட்டாகச் சேரும்.

இதில் வியாபாரத் தந்திரமும் இருந்தது. வசனம் இருந்தால் ஒவ்வொரு நாட்டுக்கும் மொழி மாற்ற வேண்டும், செலவு. ஊமைப் பூனைக்குப் பாஸ்போர்ட் தேவை இல்லை! எழுதப் படிக்கத் தெரியாத பாட்டியும், மூன்று வயதுப் பேரனும் ஒரே நேரத்தில் சிரிக்கலாம்.

நம் நாட்டில் ஒரு வேடிக்கை நடந்தது. ஊமையாக வந்த பூனைக்கு நம்மவர்கள் குரல் கொடுத்தார்கள்! முதலில் இந்தி. பிரபல சினிமா நடிகர்களின் குரலில் பேசும் மிமிக்ரிக் கலைஞர்கள் வந்து, பூனையும் நாயும் அடுக்குமொழி பேசுமாறு செய்துவிட்டார்கள். தமிழிலும் ஓகிக்கு வாய் முளைத்தது. பாரிசில் உட்கார்ந்து வரைந்தவர்களுக்கு இது எப்படி இருந்திருக்குமோ! ஆனால் நம் பிள்ளைகளுக்குப் பிடித்துப்போனது என்னவோ உண்மை. பேச்சு இல்லாமலும் கூத்து நடக்கும் என்பதை ஓகி காட்டியது. பேச்சு இல்லாத கூத்து நமக்குப் போதாது என்று நாம் காட்டினோம்.

தனியே நடந்த கை

பூனை சம்பாதித்துக் கொடுத்தது. அந்தப் பணத்தில் பொந்தவிஸ் சும்மா இருந்திருக்கலாம். அவர் ஒரு விஷப்பரீட்சையில் இறங்கினார்.

உடம்பில் இருந்து துண்டான ஒரு கை, பரிசோதனைக் கூடத்தில் இருந்து தப்பி, பாரிஸ் நகரத்துத் தெருக்களில் ஊர்ந்து தன் உடம்பைத் தேடிப் போகிறது. கேட்கவே நடுக்கமாக இருக்கிறது அல்லவா? இதுதான் கதை! குழந்தைகளுக்கான படமே அல்ல. இப்படிப்பட்ட சித்திரப்படத்துக்கு யார் பணம் போடுவார்கள்? பணம் திரட்டப் பல ஆண்டுகள் ஆயின. ஜெரெமி கிளாப்பேன் டைரக்ட் செய்தார்.

"என் உடம்பை இழந்தேன்" என்ற அந்தப் படம் 2019-ல் கான் நகரத் திரைப்பட விழாவில், விமர்சகர் வாரப் பிரிவின் பெரிய பரிசைப் பெற்றது. அதே ஆண்டு அன்னெசி நகரச் சித்திரப்பட விழாவிலும் முதல் பரிசு. ஆஸ்கார் பரிசுக்கும் போட்டியிட்டது. அங்கே அமெரிக்கப் படம் ஜெயித்தது. அது வேறு விஷயம். கரப்பான் பூச்சிச் சண்டை எடுத்த கம்பெனியா இது என்று சினிமா உலகம் திரும்பிப் பார்த்தது.

இந்தியாவில் இருந்து வந்த விருந்தாளி

ஓகியையும் விடவில்லை. 2022-ல் நெட்பிளிக்ஸில் புதுத் தொடர் வந்தது. இந்தத் தடவை ஓகியின் வீட்டுக்கு ஒரு விருந்தாளி. 7 வயதுப் பெண் யானைக் குட்டி. பெயர் பியா. ஓகியின் நண்பர்கள் தங்கள் மகளை அதனிடம் ஒப்படைத்துவிட்டுப் போகிறார்கள்.

அந்த நண்பர்களின் ஊர் எது தெரியுமா? இந்தியா!

கரப்பான் பூச்சிகள் மாறவில்லை. பியாவின் தட்டில் இருப்பதையும் திருடுகின்றன. ஓகிதான் மாறிவிட்டது. முன்பெல்லாம் தன் சாப்பாட்டைக் காப்பாற்ற ஓடிய பூனை, இப்போது குழந்தையைக் கவனித்த பிறகுதான் கையில் ஈ அடிக்கும் மட்டையை எடுக்கிறது.