இரோட்டிக் திரில்லர்: வீடியோ கடையிலிருந்து இணையத்துக்கு

இரோட்டிக் திரில்லர் என்பது காமமும் குற்றமும் பின்னிப் பிணைந்து கதையை நகர்த்தும் திரைப்பட வகையாகும். 1940களின் ‘நுவார்’ குற்றப் படங்கள் இதன் முன்னோடிகள். டபுள் இன்டெம்னிட்டி (1944) படத்தின் சாயலில் எடுக்கப்பட்ட பாடி ஹீட் (1981) இவ்வகைக்கு வழி திறந்தது. ஃபேட்டல் அட்ராக்சன் (1987), பேசிக் இன்ஸ்டிங்க்ட் (1992) ஆகியவை உலகெங்கும் பெரும் வசூல் ஈட்டின.

இவை பலரும் அறிந்த படங்கள். இன்று இணையத்தில் ரசிகர்கள் தேடி எடுப்பவையோ, திரையரங்குக்கே வராமல் நேராக வீடியோ கேசட்டாக வெளியான சிறு முதலீட்டுப் படங்கள். 1980களின் இறுதியிலிருந்து அமெரிக்காவில் இவை ஏராளமாக எடுக்கப்பட்டன. வாடகைக் கடைகளும் கேபிள் தொலைக்காட்சியின் பின்னிரவு நேரமும் இவற்றின் சந்தை. கடை அலமாரியில் அட்டைப்படமே விளம்பரம் என்பதால் பெயர்களும் அட்டைகளும் ஒன்றைப் போலவே ஒன்று இருக்கும். பிளாக்பஸ்டர் கடைகள் ‘என்சி-17’ சான்றிதழ் பெற்ற படங்களை வைக்க மறுத்தன. எனவே ஒரே படம் வெட்டப்பட்ட ‘ஆர்’ பதிப்பாகவும், சான்றிதழ் பெறாத முழுப் பதிப்பாகவும் வெளியிடப்படுவது வழக்கமாயிற்று.

இவற்றுள் குறிப்பிடத்தக்கது நைட் ஐஸ் (1990). இதை இயக்கிய ஜக் முந்த்ரா நாக்பூரில் பிறந்து மும்பை ஐஐடியில் படித்தவர். பிற்காலத்தில் ஐஸ்வர்யா ராய் நடித்த ப்ரொவோக்ட் (2006) படத்தை இயக்கியவரும் இவரே. ராக் பாடகர் ஒருவர், விவாகரத்து வழக்குக்குச் சான்று திரட்டத் தம் மனைவியைக் கண்காணிக்கும்படி ஒரு காவலரை அமர்த்துகிறார். கேமரா வழியே அவளைப் பார்த்துக்கொண்டிருப்பவர் அவள்மீதே மோகம் கொள்கிறார். ஒளிந்து பார்ப்பவரைப் பற்றிய கதையை, பார்வையாளரும் தம் வீட்டின் தனிமையில் பார்த்தார். படத்தின் வெற்றியால் மூன்று தொடர்ச்சிகள் வந்தன.

1990களின் பிற்பகுதியில் இச்சந்தை சரிந்தது. நிர்வாணக் காட்சி இணையத்தில் எளிதாகக் கிடைத்தபின், அதற்காக இப்படங்களை வாடகைக்கு எடுக்க வேண்டிய தேவை குறைந்தது. அப்படியானால் இன்றைய ரசிகர் எதற்காகப் பார்க்கிறார்? சாக்சபோன் இசை, சன்னல் தட்டிகளின் ஊடே விழும் நீல ஒளி, ஆளரவமற்ற லாஸ் ஏஞ்சல்ஸ் மாளிகைகள் ஆகியவை ஒரு காரணம். கணவனால் புறக்கணிக்கப்பட்ட மனைவி போன்ற பெண்களின் ஆசையையும் அச்சத்தையும் நடுவில் வைத்த கதைகள் இவற்றுள் பல என்பது இன்னும் வலுவான காரணம். நடிப்பும் வசனமும் பெரும்பாலும் சுமார்தான். ஆனாலும் நடுத்தர வயதினரின் காமத்தை முழுநீளக் கதைக்குரிய பொருளாகக் கொண்ட படங்கள் இன்றைய ஹாலிவுட்டில் அரிது. ஆண்டனி பென்டா இயக்கிய வி கில் ஃபார் லவ் (2023) என்னும் ஆவணப்படம் இந்த நேரடி வீடியோ படங்களின் வரலாற்றையே விரிவாக ஆராய்கிறது.

இப்படங்களில் பல டிவிடியாகக்கூட வரவில்லை. தயாரித்த சிறு நிறுவனங்கள் பல மூடப்பட்டதால், உரிமை யாரிடம் உள்ளது என்பதே தெளிவற்றிருக்கிறது. காந்த நாடாவோ காலப்போக்கில் தானே சிதையும். பழைய கேசட்டிலிருந்து யாரோ ஒரு ரசிகர் பதிவேற்றிய மங்கலான பிரதி நீக்கப்பட்டால், அதனுடன் சில படங்கள் பார்வையிலிருந்தே மறைந்துவிடுகின்றன.